இரண்டு நிமிடம் வெளியே வைத்தால் அது குச்சி ஐஸா, ஜூஸா?

உச்சிவெயில்:
பனிச்சாரல் வேறோர் இழையில் எழுதியதைப் படித்ததிலிருந்து எரிச்சல் அடங்கவில்லை, அதனால்தான் இந்தத் தனி இழை. அவர் எழுதியது இது: “பழக் குச்சி ஐஸை ஃப்ரீசரிலிருந்து எடுத்த கையோடு நீட்டுவது விவரம் தெரியாதவர்கள் வேலை. இரண்டு நிமிடம் வெளியே வைத்துவிட்டுத்தான் கொடுக்க வேண்டும்.” விவரம் தெரியாதவர்களாம்! நிழலிலேயே 38 டிகிரி கொளுத்தும் மதியத்தில், வாயைப் பிளந்துகொண்டு நிற்கும் ஆளிடம் கொஞ்சம் பொறு என்று சொல்லிவிட்டு ஐஸைத் தட்டில் வைத்து வேடிக்கை பார்க்க வேண்டுமா? இரண்டு நிமிடத்தில் முனை சொட்ட ஆரம்பிக்கும், அப்புறம் குச்சி, விரல், முழங்கை என்று வரிசையாக ஒழுகும். சில்லென்று சாப்பிடத்தானே செய்கிறோம்?

பனிச்சாரல்:
வந்துவிட்டீர்களா, எங்கே காணோமே என்று பார்த்தேன். வீட்டு ஃப்ரீசர் வழக்கமாக மைனஸ் 18 டிகிரி. அந்தக் குளிரில் எடுத்த ஐஸ் மேல் நாக்கை வைத்தால் நாக்கின் ஈரம் உறைந்து ஒட்டிக்கொள்ளும். அதோடு நாக்கு மரத்துப்போனால் இனிப்பும் தெரியாது, பழ மணமும் தெரியாது. வெறும் குளிரைத்தான் நக்கிக்கொண்டிருப்பீர்கள். உருகிவிடும் என்ற பயம் வேறு. ஒரு கிராம் பனி உருகவே 80 கலோரி வெப்பம் வேண்டும், இது பள்ளிக்கூடப் பாடம். இரண்டு நிமிடத்தில் மேல்தோல் இளகும், உள்ளே ஒன்றும் ஆகாது. இரண்டு நிமிடம் என்றால் இரண்டு நிமிடம்தான்.

உச்சிவெயில்:
பாடம் எடுக்கிறார் பாருங்கள். அந்த 80 கலோரியைச் சொன்னவர் காற்றில் இருக்கும் ஈரத்தை ஏன் விட்டுவிட்டார்? புழுக்கமான நாளில் ஐஸை வெளியே எடுத்ததும் மேலே வெள்ளையாகப் பூக்கிறதே, அது காற்றிலிருந்து வந்து படியும் நீராவி. படியும்போது அது தன் வெப்பத்தை ஐஸிடம் இறக்கிவிட்டுப் போகிறது. ஒரு கிராம் நீராவி படிந்தால் அந்த வெப்பம் ஏறக்குறைய 7 கிராம் பனியை உருக்கப் போதும். இப்போது சொல்லுங்கள், புழுக்கத்தில் இரண்டு நிமிடமா?

நாக்கு ஒட்டும் என்பதற்கு நான் வைத்திருக்கும் வழி எளிது. அச்சைக் குழாய்த் தண்ணீரில் சில நொடி அமிழ்த்தி, குச்சியை மெல்ல ஆட்டினால் ஐஸ் கழன்றுவிடும். மேல்தோல் அதிலேயே ஈரமாகிவிடுகிறது, நாக்கு ஒட்டாது. இரண்டு நிமிடம் எதற்கு?

கரண்டி:
ஒரு சந்தேகம். அந்த இரண்டு நிமிடம் அச்சுக்குள் இருக்கும்போதா, அச்சிலிருந்து உருவிய பிறகா? இரண்டுக்கும் வித்தியாசம் இருக்கிறதே.

பனிச்சாரல்:
குழாய்த் தண்ணீரா? இவர் போன கோடையில் தர்பூசணி இழையில் வெந்நீரில் அமிழ்த்தச் சொன்னவர்தான், மறக்கவில்லை. வெந்நீர் பட்டால் வெளிப்பக்கம் கரைந்து உருவமே போய்விடும் என்று அன்று நான் சொன்னபோது எகிறிக் குதித்தார். இன்று சத்தமில்லாமல் குழாய்த் தண்ணீருக்கு மாறியிருக்கிறார். அடுத்த கோடையில் இரண்டு நிமிடத்துக்கும் வந்து சேருவார், காத்திருக்கிறேன்.

உச்சிவெயில்:
வெதுவெதுப்பான தண்ணீர் என்று எழுதினேன். வெந்நீர் என்று எழுதவில்லை. படிக்கத் தெரியாதவரோடு என்ன பேச.

நாவல்மரம்:
இரண்டு பேரும் அடிப்படையைக் கோட்டை விடுகிறீர்கள். ஐஸ் கல்லாக இருப்பது சர்க்கரை போதாததால். சர்க்கரை கரைந்த நீர் பூஜ்ஜியத்துக்குக் கீழேதான் உறையும், மைனஸ் 18-லும் கொஞ்சம் பாகு உறையாமல் பனித்துகள்களுக்கு நடுவே தங்கும், அதனால்தான் பல் இறங்குகிறது. குளிரில் இனிப்பு மங்கித் தெரியும் என்பதால் உறையவைக்கும் முன் கலவை நாக்குக்குச் சற்றுத் திகட்ட வேண்டும். கலவையைச் சரியாகச் செய்தால் இரண்டு நிமிடமும் வேண்டாம், தண்ணீரும் வேண்டாம்.

நிழல்தேடி:
ஆரம்பித்துவிட்டார்கள் சர்க்கரைக் கட்சி. பழத்தில் இல்லாத இனிப்பா? நான் ஒரு சிட்டிகை கூடச் சேர்ப்பதில்லை, வெறும் பழம்தான்.

நாவல்மரம்:
எந்தப் பழம் என்று சொல்லுங்கள். மாம்பழத்தில் 100 கிராமுக்குச் சுமார் 14 கிராம் சர்க்கரை, தர்பூசணியில் 6 கிராம்தான். வாழைப்பழக் கூழும் மாம்பழக் கூழும் சர்க்கரை இல்லாமலே மெதுவாக வரும், ஏனென்றால் கூழின் நார் பனித்துகளைப் பெரிதாக வளரவிடாது. தர்பூசணிச் சாற்றை அப்படியே உறையவைத்தால் செங்கல். நீங்கள் கடிப்பதில்லை, சூப்புகிறீர்கள் என்று நினைக்கிறேன். சூப்பினால் பாகு முதலில் இறங்கிவிடும், கையில் வெளுத்த பனிதான் மிஞ்சும். அதைத்தான் வெறும் பழம் என்கிறீர்களோ?

நிழல்தேடி:
நான் எப்படிச் சாப்பிடுகிறேன் என்பது உங்களுக்கு எதற்கு? வேண்டுமானால் தேன் சேர்க்கலாம், அது இயற்கை. என் ஒன்பது மாதக் குழந்தைக்குக் கூட அடுத்த முறை தேன் விட்டு ஒன்று செய்யலாம் என்றிருக்கிறேன்.

கரண்டி:
ஒரு வயது ஆகாத குழந்தைக்குத் தேன் கூடவே கூடாது அம்மா, அதில் இருக்கக்கூடிய நுண்ணுயிர் வித்து குழந்தையின் குடலில் நஞ்சை உண்டாக்கிவிடும். மருத்துவரைக் கேட்டுப் பாருங்கள். அப்புறம் என் கேள்வி அப்படியே இருக்கிறது. அச்சுக்குள்ளா, வெளியிலா?

நிழல்தேடி:
எல்லோரும் மருத்துவர்தான் இங்கே.

ஏட்டுச்சுரைக்காய்:
வரலாறு தெரியாமல் அடித்துக்கொள்கிறீர்கள். 1905-ல் அமெரிக்காவில் ஃபிராங்க் எப்பர்சன் என்ற 11 வயதுப் பையன் கலக்கும் குச்சியோடு பானத்தை இரவில் வெளியே மறந்து வைத்துவிட, காலையில் அது உறைந்து கிடந்ததாம். அவரே பெரியவரானபின் 1924-ல் காப்புரிமை வாங்கினார். அப்படித்தான்

உச்சிவெயில்:
அந்தப் பையன் இரண்டு நிமிடம் காத்திருந்துவிட்டா சாப்பிட்டான்? அதை மட்டும் சொல்லிவிட்டுப் போங்கள்.

ஏட்டுச்சுரைக்காய்:
எழுதி முடிக்கும் முன் குறுக்கே விழுந்தால் என்ன சொல்வது. வாசிப்பவர்களுக்காக எழுதினேன், உங்களுக்காக அல்ல.

பனிச்சாரல்:
அவரிடம் எதற்கு வாதம், அவருக்கு எல்லாம் அவசரம். அவசரமாகக் கடித்தால் நெற்றி விண்ணென்று தெறிக்குமே, அது எதனால்? மேல்வாயில் திடீரென்று குளிர் படுவதால் அங்கே ரத்தக்குழாய்கள் சுருங்கி விரிகின்றன, அந்த வலியை நரம்பு நெற்றி வலியாகக் காட்டுகிறது. இரண்டு நிமிடம் வைத்த ஐஸில் எனக்கு அது வருவதே இல்லை.

உச்சிவெயில்:
மெதுவாகச் சாப்பிட்டாலும் வராது. நாக்கை மேல்வாயில் அழுத்தினாலும் பலருக்கு விட்டுவிடும். இதற்கும் இரண்டு நிமிடத்துக்கும் என்ன சம்பந்தம்? தலைவலிக்கு இரண்டு நிமிடம், சுவைக்கு இரண்டு நிமிடம், நாக்குக்கு இரண்டு நிமிடம், சர்வரோக நிவாரணி போலிருக்கிறது.

இன்னொன்றும் கேளுங்கள். பத்துப் பேருக்குப் பரிமாறும்போது என்ன செய்வீர்கள்? எல்லாவற்றையும் ஒன்றாக எடுத்து வைத்தால் முதல் ஆளுக்கு இரண்டு நிமிடம், கடைசி ஆளுக்கு எட்டு நிமிடம். மிஞ்சியதை ஃப்ரீசரில் திரும்பத் தள்ளினால் உருகிய நீர் மெதுவாக மறுபடி உறைந்து பனித்துகள் பெருத்துவிடும், மறுநாள் நறநற என்று மணல் மாதிரி கடிபடும். நான் உலோகத் தட்டைக் காலையிலேயே ஃப்ரீசரில் போட்டுவிடுவேன். அதில் கழற்றிய ஐஸ்களை அடுக்கி நேராகக் கொண்டுபோய் நீட்டினால் கடைசி ஆளுக்கும் முதல் ஆளுக்குக் கிடைத்ததே கிடைக்கும். பரிமாறுவது என்றால் இது.

நாவல்மரம்:
குளிரூட்டிய உலோகத் தட்டில் ஈர ஐஸை வைத்தால் தட்டோடு ஒட்டிக்கொள்ளுமே, பெயர்க்க உளி கொண்டுவருவீர்களா? நடுவில் ஒரு காகிதமாவது போடுங்கள். எல்லாம் சர்க்கரைக் குறைவால் வந்த வினை.

உச்சிவெயில்:
காகிதம் போடுகிறேன், சொல்லவில்லை, அவ்வளவுதான்.

பனிச்சாரல்:
வெந்நீர் மாதிரியேதான் இதுவும். கேட்டபிறகு காகிதம் முளைக்கிறது!

கரண்டி:
அச்சுக்குள்ளா வெளியிலா என்று மூன்றாவது தடவை கேட்கிறேன். போகட்டும், அச்சை விளிம்புவரை நிரப்பக் கூடாது என்றாவது யாராவது சொல்லியிருக்கலாம், உறையும்போது தண்ணீர் சுமார் 9 சதவீதம் விரிகிறது, என் அச்சின் மூடி பிளந்தேவிட்டது.

உச்சிவெயில்:
கரண்டி, அது உங்கள் அச்சின் தரம். பேச்சை மாற்றாதீர்கள். பனிச்சாரல், வெயிலில் நின்று கையில் குச்சியோடு இரண்டு நிமிடம் எண்ணிக் காட்டுங்கள், படத்தையும் இங்கேயே போடுங்கள்.

பனிச்சாரல்:
வெயிலில் வைக்கச் சொன்னது யார்? நிழலில், இரண்டு நிமிடம். எழுதியதைப் படியுங்கள்.

உச்சிவெயில்:
“வெளியே” என்றுதான் எழுதியிருக்கிறீர்கள். நிழல் இப்போதுதான் வருகிறது.

நிழல்தேடி:
என்னைக் கூப்பிட்டீர்களா?