1897 ஜூபிலி ஊர்வலப் படத்துல ராணி ஏன் கண்ணுலயே பட மாட்டேங்குறாங்க?

சும்மாபாக்குறவன்:
விக்டோரியா ராணியோட வைரவிழா ஊர்வலம், 1897 ஜூன் 22 லண்டன்ல எடுத்த துண்டுப் படங்க பாத்துட்டு இருந்தேன். குதிரைப்படை போகுது போகுது போய்க்கிட்டே இருக்கு, பொசுக்குனு கட். அன்னிக்கு ஹீரோயினே ராணிதானே, கேமராமேன் தூங்கிட்டாரா? அப்புறம் எல்லாரும் ஏன் ஓட்டமும் நடையுமா போறாங்க?

ரீல்பைத்தியம்:
தூங்கல பாஸ், ரோல் தீர்ந்திருக்கும். அப்போ ஒரு ரோல் பெரும்பாலும் ஒரு நிமிஷத்துக்குள்ள முடிஞ்சிரும், மாத்துறதுக்குள்ள ஊர்வலம் தாண்டிப் போயிரும், அதனால கைப்பிடியை எப்ப சுத்த ஆரம்பிக்கிறதுங்கறதே சூதாட்டம்தான். ராணி வண்டிக்கு எட்டு கிரீம் கலர் குதிரை, அது தெரிஞ்சதும் சுத்தணும். சரியா சுத்துனவனுக்கும் முகம் ஒழுங்கா சிக்கல, அம்மா குடை பிடிச்சிட்டு வந்தாங்க :) அவங்களால படி ஏற முடியாதுன்னு செயின்ட் பால்ஸ் சர்ச் வாசல்லயே பிரார்த்தனை நடந்துச்சு, அந்தப் பக்கம் கேமரா வச்சவங்கள்ல அந்தக் காலத்து இங்கிலாந்து படத் தயாரிப்பாளர் ராபர்ட் பாலும் ஒருத்தர். ஊர்வலத்தோட கேமராவும் திரும்பணும்னு முக்காலிக்கு சுழலுற தலை செஞ்சு மாட்டுனாரு மனுஷன், அதுதான் எனக்குப் பெரிய விஷயமா படுது.
வேகம் பத்தி: கையால செகண்டுக்கு சுமார் 16 ஃபிரேம்ல எடுத்ததை 24ல ஓட்டுனா அப்படித்தான் ஓடுவாங்க.

மங்குனிமகாராஜா:
ராணியை விடுங்க, இங்கிலாந்துல பிளாக்பர்ன் ஊர்ல படம் எடுத்த மிட்செல் - கென்யன் கம்பெனியோட படங்களைப் பாருங்க. பெந்தெகொஸ்தே சமயத்துல சர்ச் பசங்க வரிசையா போற ஊர்வலம், 1902ல ராஜா ஏழாம் எட்வர்டோட முடிசூட்டு விழாவுக்கு ஊர் ஊரா நடந்த கொண்டாட்டம், எல்லாம் இருக்கு. அதுல கேமரா பெரிய மனுஷனைத் தேடாது, கூட்டத்தைத்தான் தேடும், ஏன்னா சந்தையில கொட்டகை போட்டு படம் காட்டுறவங்கதான் ஆர்டர் குடுத்தது, தெருவுல எத்தனை முகம் விழுதோ அத்தனை டிக்கெட். அதான் எல்லாரும் கேமராவையே முறைச்சுப் பாக்குறாங்க. 1994ல ஒரு கடையோட அடித்தளத்துல பீப்பாய்க்குள்ள அவங்க எடுத்த சுமார் 800 நெகட்டிவ் கிடைச்சுது, இல்லேன்னா இதெல்லாம் நமக்கு ஏது.

சும்மாபாக்குறவன்:
ஓ அப்ப 1902ல எட்வர்ட் வெஸ்ட்மின்ஸ்டர் அபே சர்ச்சுக்குள்ள முடிசூடுறது ஒரு கிளிப்ல பாத்தேனே, அதுல எல்லாம் பளிச்னு இருந்துச்சே?

ரீல்பைத்தியம்:
அது செட்டு! உள்ள கேமராவுக்கு அனுமதி இல்ல, அதனால படத் தயாரிப்பாளர் சார்லஸ் அர்பன் பிரான்ஸ்ல டைரக்டர் மெலியஸ்கிட்ட சொல்லி முன்னாடியே நடிச்சு எடுத்து வச்சுட்டாரு. ராஜாவுக்கு குடல்வால் பிரச்சனை வந்து ஜூன் 26 விழா ஆகஸ்ட் 9க்கு தள்ளிப் போச்சு, படம் மட்டும் ரெடியா காத்துட்டு இருந்துச்சு.

சும்மாபாக்குறவன்:
அடப்பாவிங்களா. சரி, ஜூபிலி படம் ஒழுங்கான வேகத்துல ஓடுற காப்பி யார்ட்டயாவது இருந்தா லிங்க் போடுங்கப்பா.