பொருளியல் நூல்கள்: எங்கே தொடங்கி, ஏற்றத்தாழ்வு வரை எப்படிப் போவது?

நெய்தல்:
வணக்கம். பொருளியலை முறையாகப் படிக்க வாரத்துக்கு ஆறு மணி நேரம் ஒதுக்க முடியும். கணக்கு பள்ளி அளவில்தான் தெரியும். போய்ச் சேர வேண்டிய இடம் ஏற்றத்தாழ்வு பற்றிய நூல்கள். நேராகப் பிக்கெட்டியின் பெரிய புத்தகமான 'கேபிடல் இன் தி ட்வென்டி-ஃபர்ஸ்ட் செஞ்சுரி'யை எடுக்கலாமா, பாடநூல் ஒன்றை முடித்துவிட்டுத்தான் போக வேண்டுமா? பொருளாதார வரலாறு இதில் எங்கே வரும்? ஆடம் ஸ்மித்தின் 'தி வெல்த் ஆஃப் நேஷன்ஸ்', கெயின்ஸின் 'தி ஜெனரல் தியரி' போன்ற மூலநூல்களை எப்போது தொடுவது?

கணக்கன்:
பாடநூல் வேண்டும், ஆனால் முழுசாக வேண்டாம். மேன்கிவ் எழுதிய அறிமுக நூலில் தேவை-அளிப்பு, நெகிழ்ச்சி (விலை மாறும்போது விற்பனை எவ்வளவு மாறும் என்ற அளவு), வரிச்சுமை, புறவிளைவுகள் (ஒருவர் செயலால் மூன்றாமவருக்கு வரும் நன்மை தீமை), முற்றுரிமை, உழைப்புச் சந்தை ஆகிய அத்தியாயங்கள் போதும். உங்கள் வேகத்தில் ஆறேழு வாரம் ஆகும். பழைய பதிப்பு கிடைத்தாலும் சரி, இந்தப் பகுதிகள் பெரிதாக மாறுவதில்லை.

அத்தியாயத்தின் கடைசியில் இருக்கும் கணக்குகளைக் கையால் போட்டுப் பாருங்கள். நிறையப் பேர் சறுக்கும் இடம் ஒன்று உண்டு: தேவைக் கோட்டின் மேலேயே நகர்வது வேறு, கோடே இடம்பெயர்வது வேறு. "விலை ஏறியும் விற்பனை கூடியது, ஆகவே தேவை விதி பொய்" என்று வாதிடுபவர் இரண்டையும் குழப்பிக்கொள்கிறார். அங்கே வருமானமோ விருப்பமோ மாறி, தேவைக் கோடே வலப்பக்கம் நகர்ந்திருக்கும்.

நெகிழ்ச்சியையும் எண் வைத்தே பழகுங்கள். விலை 100இலிருந்து 110 ஆகிறது, விற்பனை 100இலிருந்து 96 ஆகிறது என்றால் நெகிழ்ச்சி 0.4, மொத்த வரவு 10,000இலிருந்து 10,560 ஆகக் கூடுகிறது. அதே விலையேற்றத்தில் விற்பனை 85க்கு இறங்கினால் வரவு 9,350தான். எந்தப் பொருளுக்கு வரி போட்டால் பணம் வரும் என்ற வாதம் இந்த வித்தியாசத்திலிருந்துதான் தொடங்குகிறது.

பேரியல் (நாட்டின் மொத்தப் பொருளாதாரம்) பகுதிக்கு மட்டும் பழைய பதிப்பை நம்பாதீர்கள். இருப்பு விகிதம் (வைப்புத் தொகையில் வங்கி கையில் வைத்திருக்க வேண்டிய பங்கு) 10% என்றால் வைப்புகள் பத்து மடங்காகப் பெருகும் என்று பணப்பெருக்கியை விளக்கியிருப்பார்கள். நடைமுறை அப்படி இல்லை. வங்கி கடன் கொடுக்கும்போதே வைப்பு உருவாகிவிடுகிறது என்று இங்கிலாந்து மத்திய வங்கியே 2014இல் தன் காலாண்டு இதழில் விளக்கியிருக்கிறது. அமெரிக்காவில் 2020 மார்ச்சில் கட்டாய இருப்பு விகிதத்தைப் பூஜ்யமாக்கிவிட்டார்கள். பழைய சூத்திரப்படி பார்த்தால் பணம் எல்லையில்லாமல் பெருகியிருக்க வேண்டும், பெருகவில்லை.

அலைவாய்:
மேன்கிவ் மட்டும் படித்தால் ஒரு பக்கச் சாய்வு வந்துவிடும். கோர் என்ற பொருளியலாளர் குழுவினரின் 'தி எகானமி' பாடநூல் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. அது வளர்ச்சி வரலாற்றில் தொடங்குகிறது. அதிகாரம், நிறுவனத்துக்குள் முதலாளி-தொழிலாளி உறவு எல்லாவற்றையும் பேசிவிட்டு எட்டாவது அலகில்தான் தேவை-அளிப்புக்கு வருகிறது. ஏற்றத்தாழ்வு பற்றிப் படிக்கப் போகிறவருக்கு இந்த வரிசை நன்றாக உதவும்.

குறைந்தபட்சக் கூலியை எடுத்துக்கொண்டு இரண்டு நூல்களையும் ஒப்பிடுங்கள். போட்டிச் சந்தை மாதிரியில் கூலியை உயர்த்தினால் வேலை குறைய வேண்டும். நியூ ஜெர்சியில் 1992 ஏப்ரலில் மணிக்கூலி 4.25 டாலரிலிருந்து 5.05 டாலராக உயர்ந்தது. கார்ட், குரூகர் என்ற பொருளியலாளர்கள் அங்கும் பக்கத்து பென்சில்வேனியாவிலுமாக 410 துரித உணவகங்களை ஒப்பிட்டார்கள். எதிர்பார்த்த வேலையிழப்பு தென்படவில்லை. தரவு குறித்துப் பின்னால் பெரிய சர்ச்சை நடந்தது, அதையும் சேர்த்தே படியுங்கள். கோடு எந்த அனுமானத்தின் மேல் வரையப்பட்டது என்று கேட்கும் பழக்கம் அப்போதுதான் வரும்.

பழஞ்சுவடி:
வரலாறு, பாடநூலுக்கும் பிக்கெட்டிக்கும் நடுவில். ராபர்ட் ஆலன் எழுதிய 'குளோபல் எகனாமிக் ஹிஸ்டரி' (2011) மிகச் சிறிய நூல், இரண்டு வாரத்தில் முடியும். பிரிட்டனில் கூலி அதிகம், நிலக்கரி மலிவு, அதனால் ஆளுக்குப் பதில் இயந்திரம் வைப்பது அங்கேதான் கட்டுப்படியானது என்பது அவர் வாதம். இது முடிந்த முடிவு அல்ல. நூல் நூற்ற பெண்களின் கூலி உண்மையில் குறைவாகவே இருந்தது என்று ஹம்ப்ரீஸும் ஷ்னைடரும் காட்டியிருக்கிறார்கள்.

அடுத்து பொமரான்ஸின் 'தி கிரேட் டைவர்ஜென்ஸ்' (2000). பதினெட்டாம் நூற்றாண்டு வரை சீனாவின் யாங்சி கழிமுகமும் இங்கிலாந்தும் ஏறத்தாழ ஒரே நிலையில் இருந்தன, பிறகு கைக்கெட்டிய நிலக்கரியும் அமெரிக்கக் கண்டங்களின் நிலமும்தான் பாதையைப் பிரித்தன என்கிறார். நடை கடினம். முன்னுரையை இரண்டு முறை படித்துவிட்டு உள்ளே போங்கள்.

அமர்த்தியா சென்னின் 'பாவர்ட்டி அண்ட் ஃபேமின்ஸ்' (1981) நூலை விட்டுவிடாதீர்கள். 1943 வங்கப் பஞ்ச ஆண்டின் உணவு அளிப்பு, பஞ்சமே இல்லாத 1941ஐவிட ஏறத்தாழ 13% அதிகம் என்று கணக்கிடுகிறார். தானியம் இருந்தும் வாங்கும் வழி இல்லாததால் மக்கள் செத்தார்கள். பங்கீடு என்ற சொல்லின் முழுக் கனமும் இந்த நூலில் தெரியும்.

இடைக்கோடு:
பிக்கெட்டி பற்றி. நேராக எடுத்தால் இரண்டாம் பாகத்திலேயே பலர் நின்றுவிடுகிறார்கள். 16 அத்தியாயங்களையும் வரிசையாகப் படிக்க வேண்டியதில்லை. முன்னுரை, 1ஆம் அத்தியாயம், அங்கிருந்து 7, 8, 10. அதன் பிறகு 5க்கும் 6க்கும் திரும்புங்கள்.

உள்ளே போகும் முன் இரண்டு சமன்பாடுகளை மனதில் போட்டுக்கொள்ள வேண்டும். தேசிய வருமானத்தில் மூலதனத்தின் பங்கு = வருவாய் விகிதம் (மூலதனம் ஆண்டுக்கு ஈட்டித் தரும் சதவீதம்) × மூலதன-வருமான விகிதம். மூலதனம் ஆறு ஆண்டு வருமானத்துக்குச் சமம், வருவாய் 5% என்றால் பங்கு 30%. இது வெறும் கணக்கு, பொய்க்க வழியில்லை. இரண்டாவது: அந்த மூலதன-வருமான விகிதம் நீண்ட காலத்தில் சேமிப்பு விகிதம் ÷ வளர்ச்சி விகிதம். 12%ஐ 2%ஆல் வகுத்தால் ஆறு. வளர்ச்சி 1%க்கு இறங்கினால் பன்னிரண்டு ஆகிவிடும். பயமுறுத்தும் முடிவெல்லாம் இங்கிருந்துதான் வருகிறது, விமர்சனமும் இங்கேதான் குவிகிறது: வளர்ச்சி குறையும்போது நிகரச் சேமிப்பு விகிதம் அப்படியே 12%இல் நிற்குமா? நிற்காது என்பது குரூசெல், ஸ்மித் (ஆடம் ஸ்மித் அல்ல, இன்றைய பொருளியலாளர்) இருவரின் வாதம். இன்னொரு பக்கம் ரோக்ன்லி, மூலதனப் பங்கின் நிகர உயர்வில் பெரும்பகுதி வீட்டு மதிப்பிலிருந்து வந்தது என்று 2015இல் காட்டினார். பிக்கெட்டியே அதே ஆண்டில், 20ஆம் நூற்றாண்டு மாற்றங்களை விளக்க வருவாய்-வளர்ச்சி இடைவெளிதான் (வருவாய் விகிதம் வளர்ச்சியைவிட அதிகமாக இருப்பது) முதன்மைக் கருவி என்று தான் கருதவில்லை என எழுதினார். அதை அறியாமல் நூலை ஒற்றைச் சூத்திரமாகச் சுருக்கிவிடுகிறார்கள்.

எந்த எண்ணைப் பார்த்தாலும் நான்கு கேள்வி கேளுங்கள்: வருமானமா, சொத்தா? வரிக்கு முன்பா, பின்பா? தனிநபரா, குடும்பமா? பங்கா, ஜினி கெழுவா (0 என்றால் முழுச் சமம், 1 என்றால் எல்லாம் ஒருவரிடம்)? ஜினி எப்படி மறைக்கும் என்பதற்கு ஒரு கணக்கு. ஒரு நாட்டில் மேல்பாதி மக்களிடம் வருமானத்தின் 75% இருக்கிறது. இன்னொன்றில் மேல் கால்வாசிப் பேரிடம் 50% இருக்கிறது. ஒவ்வொரு பிரிவுக்குள்ளும் எல்லோருக்கும் சமம் என்று வைத்தால் இரண்டு நாட்டுக்கும் ஜினி 0.25தான். வாழ்க்கையோ ஒன்றல்ல.

அமெரிக்காவின் மேல் 1% பங்கு குறித்து பொருளியலாளர்களில் பிக்கெட்டி, சாயஸ், ஸுக்மன் ஒரு பக்கமும் ஆட்டனும் ஸ்பிளின்டரும் மறுபக்கமும் நிற்பதற்குக் காரணமும் இதுபோன்றதே. வரிப் படிவத்தில் வராத வருமானத்தை யார் கணக்கில் எழுதுவது என்பதில்தான் பெரும் வேறுபாடு.

நெய்தல்:
நன்றி, 5க்கு முன் 7 என்ற யோசனை தெளிவாக இருக்கிறது. உலக மக்களின் வருமான வளர்ச்சியைக் காட்டும் மிலனோவிச்சின் யானை வடிவ வரைபடத்தை எங்கே வைப்பது? மூலநூல்கள்?

இடைக்கோடு:
மிலனோவிச்சின் 'குளோபல் இனிக்வாலிட்டி' (2016) பிக்கெட்டிக்குப் பிறகு. அந்த வரைபடம் 1988–2008 காலத்தின் சதவீத வளர்ச்சியைக் காட்டுகிறது, தொகையை அல்ல. அடிமட்டத்தின் 50% உயர்வு, உச்சியின் 50% உயர்வைவிடத் தொகையில் மிகச் சிறியது. இன்னொன்று, 1988இல் 80ஆம் நூற்றுமானத்தில் (வருமான வரிசையில் 80% பேருக்கு மேலே உள்ள இடம்) இருந்தவர்களே 2008இலும் அங்கே இருந்தார்கள் என்று படிக்கக் கூடாது. கொள்கை வேண்டுமென்றால் அட்கின்சனின் 'இனிக்வாலிட்டி' (2015). 15 முன்மொழிவுகளையும் செலவுக் கணக்கோடு விவாதிக்கிறார்.

பழஞ்சுவடி:
மூலநூல்களுக்கு முன், பொருளியல் சிந்தனையாளர்களின் கதையைச் சொல்லும் ஹைல்ப்ரோனரின் 'தி வேர்ல்ட்லி ஃபிலாசஃபர்ஸ்' படித்துவிடுங்கள். ஸ்மித்தில் முதல் புத்தகத்தின் முதல் மூன்று அத்தியாயங்கள்: பத்துப் பேர் வேலையைப் பகிர்ந்து ஒரு நாளில் 48,000 குண்டூசி செய்யும் கணக்கு அங்கே வருகிறது. அதோடு ஐந்தாம் புத்தகத்தில் கல்வி பற்றிய பகுதியையும் சேருங்கள். அதே வேலைப் பிரிவினை தொழிலாளியின் அறிவை எப்படி மழுங்கடிக்கிறது என்று அவரே எழுதியிருக்கிறார், முதலாவதை மேற்கோள் காட்டுபவர்கள் இதைத் தொடுவதே இல்லை. கெயின்ஸில் 12ஆம் அத்தியாயமும் 24ஆம் அத்தியாயமும். மற்றவை பேரியல் பாடநூல் ஒன்றை முடித்த பிறகு.