மறு: அடாப்டிவ் ரீயூஸ் – தமிழில் என்ன சொல்லலாம்?

அன்பர்களுக்கு வணக்கம்.

பழைய கட்டடத்தை இடிக்காமல் இன்றைய தேவைக்கு ஏற்ப மாற்றிப் பயன்படுத்துவதுதான் அடாப்டிவ் ரீயூஸ். அதற்குத் தமிழ்ச்சொல் கேட்டிருந்தேன், இரண்டு நாளாக வந்த மடல்களை ஒன்றாக வைத்துப் படித்தேன். (கட்டடமா கட்டிடமா சண்டையைத் தனி இழையில் வைத்துக்கொள்வோம், இங்கே தாங்காது.)

> "தகவமைப்பு மறுபயன்பாடு" என்றே வைத்துவிடலாமே? பாடநூலில் இருக்கும் சொல்தான்.

பாடநூலில் இருப்பதுதான் சிக்கல். தகவமைப்பு என்றதும் ஒட்டகத்தின் திமில்தான் நினைவுக்கு வருகிறது. கட்டடம் தானாக எதற்கும் தக அமையாது, யாராவது அமைக்க வேண்டும். இந்த விஷயத்தில் இலங்கைப் பாடநூல்களின் 'இசைவாக்கம்' மேல். ஆக்குகிறவர் சொல்லுக்குள்ளேயே இருக்கிறார். ஆனால் 'இசைவாக்க மீள்பயன்பாடு' என்று ஒரே கட்டுரையில் இருபது தடவை எழுதிப் பாருங்கள், கை வலிக்கும்.

மறு, மீள் எதுவானாலும் 'பயன்பாடு' மேலேயே எனக்கு ஒரு தயக்கம் உண்டு. செட்டிநாட்டில் பழைய வீட்டை இடித்து, தேக்குத் தூணையும் நிலைக்கதவையும் காரைக்குடிக் கடைகளில் விற்கிறார்கள். தூணுக்கு மறுபயன்பாடு கிடைத்துவிட்டது. வீடு எங்கே?

> "மாற்றுப் பயன்பாடு" எளிமை. கொழும்பின் பழைய ஒல்லாந்தர் (டச்சுக்காரர்) வைத்தியசாலை 2011 முதல் கடைகளும் உணவகங்களுமாக இருக்கிறதே.

அதற்குப் பொருந்தும். ஆனால் நான் மொழிபெயர்க்கும் கட்டுரை, 2021இல் கட்டடக் கலையின் பெரிய விருதான பிரிட்ஸ்கர் பரிசு வாங்கிய ஆன் லகத்தோன், ழான்-பிலிப் வாசால் என்ற பிரெஞ்சுக் கட்டடக் கலைஞர்களைப் பற்றியது. இருவரும் 'இடிக்கவே கூடாது' கட்சி. பிரான்சின் போர்தோ நகரில், கிராண் பார்க் என்ற குடியிருப்பில் 1960களில் கட்டிய மூன்று அடுக்குமாடிகள், மொத்தம் 530 வீடுகள். பழைய முகப்பின் சிறிய ஜன்னல்களை எடுத்துவிட்டு, அதற்கு வெளியே 3.8 மீட்டர் ஆழத்துக்குப் புதிதாக ஓர் அடுக்கை எழுப்பி ஒட்டினார்கள். ஜன்னல் இருந்த இடத்தில் கண்ணாடிக் கதவு, அதைத் தள்ளினால் வெயில் விழும் தாழ்வாரம். வேலை நடந்தபோதும் குடியிருந்தவர்கள் அங்கேயே இருந்தார்கள். வீடு வீடாகவேதான் இருக்கிறது. இதில் மாற்றுப் பயன்பாடு எங்கே வந்தது?

தையற்காரரிடம் போனால் தெளிவாகிறது. அண்ணன் சட்டையைத் தம்பிக்குப் பிடித்துத் தைத்தால் அது கொழும்பு. வளர்ந்த பையனுக்குத் தையலைப் பிரித்துவிட்டுத் தைத்தால் அது கிராண் பார்க். இரண்டிலும் சட்டை குப்பைக்குப் போகவில்லை, மாற்றி ஆள்கிறோம்.

ஆகவே என் பரிந்துரை: மாற்றியாளல். எடுத்தாளல் போலத்தான். 'மாற்றியாண்ட கட்டடம்' என்றால் தேர்தல் செய்தி மாதிரி இருக்கிறது என்று வீட்டில் சிரித்தார்கள், சரி. 'மாற்றியாளும் திட்டம்' எனக்கு உறுத்தவில்லை. கொத்தனார்கள் சொல்லும் 'ஆல்ட்ரேஷன்' போதாதா என்றும் கேட்கலாம். எங்கள் வீட்டில் குளியலறை டைல்ஸ் மாற்றியதும் ஆல்ட்ரேஷன்தான், மொட்டை மாடியில் அறை எடுத்ததும் ஆல்ட்ரேஷன்தான்.

> எம்பாடீட் கார்பனுக்கு "உள்ளுறை கரிமம்"?

கட்டடப் பொருள்களைச் செய்து கட்டி முடிக்கும்வரை வெளியாகும் கரிமத்தைத்தான் எம்பாடீட் கார்பன் என்கிறார்கள். உள்ளுறை அழகான சொல், அகப்பாடல் வாசனை வேறு. ஆனால் பொருள் தப்புகிறது. கான்கிரீட் சுவருக்குள் அந்தக் கரிமம் உறையவில்லை. சுண்ணாம்புக்கல்லைச் சூளையில் சுட்டபோதே கரியமில வாயுவாகப் பிரிந்து காற்றில் போய்விட்டது. சிமெண்ட் ஆலை வெளியிடுவதில் பாதிக்கு மேல் இப்படிக் கல்லிலிருந்து வருவதுதான், மீதி பெரும்பாலும் எரிபொருளின் கணக்கு. மரவீட்டில்தான் கரிமம் நிஜமாகவே உள்ளே இருக்கிறது. உள்ளுறையை அதற்கு விட்டுவைப்போம். என் பரிந்துரை: கட்டி முடிக்கும்வரை வெளியானது ஆக்கக் கரிமம். குடியேறிய பின் ஏசிக்கும் விளக்குக்கும் ஆவது இயக்கக் கரிமம். இந்த ஜோடி இருந்தால் லகத்தோன், வாசால் இருவரின் வாதத்தை ஒரே வரியில் சொல்லிவிடலாம்: இடித்துக் கட்டினால் ஆக்கக் கரிமத்துக்கு இரண்டாம் தடவை செலவு.

மாற்றியாளல் ஓர் இடத்தில் மட்டும் பொருந்தாமல் இடிக்கிறது. 1996இல் போர்தோவின் லியோன் ஓகோக் சதுக்கத்தை அழகுபடுத்த இவர்களைக் கூப்பிட்டார்கள். போய்ப் பார்த்தவர்கள், இப்படியே நன்றாக இருக்கிறது, சரளையை மாற்றுங்கள், மரங்களைக் கவனியுங்கள், போதும் என்று சொல்லிவிட்டார்கள். இதை மாற்றியாளல் என்று சொல்ல முடியாது. அதற்காக 'விட்டாளல்' என்று யாரும் ஆரம்பித்துவிடாதீர்கள், பராமரிப்பு என்றே எழுதிவிட்டேன்.

வியாழக்கிழமை கட்டுரையை அனுப்ப வேண்டும். மறுப்பு இருந்தால் அதற்குள் எழுதுங்கள்.