பாய்னிங்ஸ் சட்டம் ஒண்ணா ரெண்டா? ஒரே குழப்பமா இருக்கு

கேள்வி:
வணக்கம். அயர்லாந்து வரலாறு படிச்சிட்டிருக்கேன், பாய்னிங்ஸ் சட்டம்னு வந்தாலே மாட்டிக்கறேன். ஒரு புக்ல "ராஜா அனுமதி இல்லாம அயர்லாந்து பார்லிமென்ட் கூடக்கூடாது, அதுதான் சட்டம்"னு இருக்கு, இன்னொண்ணுல "இங்கிலாந்து சட்டமெல்லாம் அயர்லாந்துலயும் செல்லும்னு சொன்னதுதான்"னு இருக்கு. வருஷமும் ஒருத்தர் 1494ங்கறார், ஒருத்தர் 1495ங்கறார். அங்கதான் தனியா ஒரு பார்லிமென்ட் இருந்துச்சே, அவங்களே எப்படி இதுக்கு ஒத்துக்கிட்டாங்க?

பதில் 1:
ரெண்டு புக்கும் சரிதாங்க. இங்கிலாந்து ராஜா ஏழாம் ஹென்றி தன் பிரதிநிதியா அனுப்பின சர் எட்வர்ட் பாய்னிங்ஸ் 1494 டிசம்பர் 1 அன்னிக்கு ட்ரோஹெடா ஊர்ல பார்லிமென்ட்டைக் கூட்டினார், அது 1495லயும் நடந்துச்சு, அதான் ரெண்டு வருஷம் வருது. அங்க பாஸான நிறைய சட்டத்துல 4ஆவதுதான் பார்லிமென்ட்டுக்குக் கடிவாளம் போட்டது, இன்ன காரணத்துக்குக் கூடறோம், இன்ன மசோதா கொண்டு வர்றோம்னு முன்னாடியே எழுதி அனுப்பி ராஜா முத்திரை வாங்கணும். நீங்க கேக்கற இன்னொண்ணு 22ஆவது. பேர் 4ஆவதுக்கே ஒட்டிக்கிச்சு, ஆனா கோர்ட்ல நின்னு பேசினது 22ஆவதுதான்னு நான் நினைக்கறேன்.

பதில் 2:
ஏன் ஒத்துக்கிட்டாங்கன்னா கொஞ்சம் பின்னாடி போகணும். 1460ல இதே ட்ரோஹெடாவுல கூடின பார்லிமென்ட் "எங்க பார்லிமென்ட் ஏத்துக்காத சட்டம் எங்களைக் கட்டுப்படுத்தாது"ன்னு அறிவிச்சது. அப்புறம் 1487ல லாம்பர்ட் சிம்னல்ங்கற சின்னப் பையனை டப்ளின் கிறிஸ்ட் சர்ச்ல வச்சு இங்கிலாந்து ராஜான்னு முடிசூட்டிட்டாங்க, 1491ல பெர்கின் வார்பெக்னு ராஜா பட்டத்துக்குப் போலியா உரிமை கொண்டாடின இன்னொருத்தன் கார்க் துறைமுகத்துல வந்து இறங்கினான். ஹென்றிக்கு இதெல்லாம் உயிர் பயம்ங்க, சும்மா கெளரவப் பிரச்சினை இல்ல. அதான் அங்க கோலோச்சின கில்டேர் பிரபுவைப் பதவியிலிருந்து இறக்கிட்டு பாய்னிங்ஸை ஒரு படையோட அனுப்பினார், அந்த பார்லிமென்ட்லயே கில்டேர் மேல துரோகக் குற்றம் சாட்டித் தண்டனைத் தீர்மானமும் போட்டாச்சு. அந்த நிலைமையில உள்ள உக்காந்திருக்கறவன் என்ன எதிர்த்துப் பேசுவான்? 1496லயே கில்டேரைத் திரும்ப உக்கார வச்சுட்டாங்க, ஆனா சட்டம் அப்படியே நின்னுடுச்சு.

பதில் 3:
22ஆவதுல எனக்கு ரொம்ப முக்கியமா படறது ஒரே ஒரு வார்த்தை. இங்கிலாந்துல "சமீபத்துல" போட்ட, பொது நன்மைக்கான சட்டமெல்லாம் இனி அயர்லாந்துலயும் செல்லும்னுதான் அதுல எழுதியிருக்கு. ஆனா பின்னாடி வந்த நீதிபதிங்க அந்த "சமீபத்துல"ங்கறதுக்கு "இதுக்கு முன்னாடி போட்ட எல்லாமே"ன்னு பொருள் எடுத்துக்கிட்டாங்க. 1351ல மூன்றாம் எட்வர்ட் காலத்துல வந்த ராஜதுரோகச் சட்டம் கூட இந்த வழியாத்தான் உள்ள வந்துச்சு. ஒரு வார்த்தைக்குள்ள ஒன்றரை நூற்றாண்டு சட்டத்தை அடக்கிட்டாங்க, எத்தனை பேர் தலை சம்பந்தப்பட்ட விஷயம் அது, நினைச்சா மனசு பதறுது.

கேள்வி கேட்டவர்:
ரொம்ப நன்றிங்க, இப்ப புரியுது. அப்ப 1495க்கு அப்புறம் இங்கிலாந்துல போட்ட சட்டம்? அதுவும் தானா போயிடுமா?

பதில் 3:
இல்லங்க, 22ஆவது அதுக்கு வழி விடல, அன்னிக்கு வரைக்கும் இருந்ததை மட்டும்தான் அள்ளிக்கிட்டு வந்துச்சு. அதுக்கப்புறம் வந்த சட்டம் அயர்லாந்தைக் கட்டுப்படுத்துமாங்கறதுதான் பின்னாடி பெரிய சண்டையாச்சு, 1782ல யெல்வர்டன் சட்டம் 4ஆவதோட பிடியைத் தளர்த்தற வரைக்கும் இழுத்துச்சு.

பதில் 2:
இன்னொண்ணையும் சேர்த்து வச்சுக்கங்க. 1495ல நாடு முழுக்க இந்தச் சட்டம் ஓடல. டப்ளினைச் சுத்தி பேல்னு ஒரு வட்டாரம், டப்ளின், மீத், லவுத், கில்டேர் பகுதிங்க, அங்கதான் ராஜாவோட கோர்ட்டுக்குப் பிடி இருந்துச்சு. அதைத் தாண்டினா அயர்லாந்தோட பூர்வீக கேலிக் தலைவருங்க ஊர், அங்க வழக்குன்னா பிரெஹன்ங்கற அவங்க நீதிபதிதான் தீர்ப்பு சொல்லுவார், ட்ரோஹெடாவுல என்ன பாஸாச்சுன்னு அவருக்கு என்ன கவலை.