சுகிமுரா ஹருகோ: ரெண்டு படம் சொல்லுங்க

வியாசர்பாடி ரீல்:
தோழர்களே, ஞாயித்துக்கிழமை பெரம்பூர்ல இருபது பேருக்குப் பழைய ஜப்பான் படம் போடுறோம். கதாநாயகியை விட்டுட்டு சுகிமுரா ஹருகோவைக் கவனிக்க ரெண்டு படம் வேணும். 'டோக்கியோ ஸ்டோரி'யில மூத்த பொண்ணா வருவாங்களே, அவங்கதான். நம்ம சி.கே.சரஸ்வதி மாதிரி வில்லின்னு அறிமுகம் பண்ணலாமா?

ராயபுரம் டாக்கீஸ்:
வேணாம் தோழர். அப்படிச் சொல்லிட்டா கூட்டம் அதை மட்டும்தான் தேடும். 'டோக்கியோ ஸ்டோரி'யில அவங்க பாத்திரம் பேரு ஷிகே, அழகு நிலையம் நடத்துறவ. வாடிக்கைக்காரங்க கேட்டா, பெத்தவங்களையே 'ஊர்ல இருந்து வந்த தெரிஞ்சவங்க'ம்பா. அம்மா போனதும் குலுங்கிக் குலுங்கி அழுவா, கொஞ்ச நேரத்துல அம்மாவோட துணியில எது எனக்குன்னு கேட்பா. ரெண்டுமே நிஜம்.

முதல்ல 'லேட் ஸ்பிரிங்' (1949) போடுங்க. அதுல இவங்க கதாநாயகியோட அத்தை. கமகுரா கோயில்ல கீழ கிடக்குற பர்ஸை எடுத்து, கல்யாணம் கூடிவர்ற சகுனம்னு செருகிக்குவாங்க. போலீஸ்காரர் தலை தெரிஞ்சதும் படியேறி விறுவிறுன்னு போற நடை இருக்கே! கல்யாணப் பொண்ணு கிளம்பினப்புறம் வெறும் அறையை ஒரு சுத்து சுத்திட்டுத்தான் வெளிய வருவாங்க. வசனமே கிடையாது.

காசிமேடு 4:3:
ரெண்டாவது, டைரக்டர் நருசேவோட 'லேட் கிரிஸாந்திமம்ஸ்' (1954). இதுல இவங்கதான் முதன்மை, ஒரு காலத்துல கெய்ஷாவா (விருந்துல ஆடிப் பாடி மகிழ்விக்கிற பொண்ணு) இருந்து, இப்ப வட்டிக்கு விடுற கின்ங்கிற பாத்திரம். தண்டல்காரங்களைப் பார்த்த நம்ம ஏரியாவுக்கு விளக்கமே தேவையில்ல. பழைய காதலன் வர்றான்னு பூரிச்சவ, அவன் காசு கேட்க வந்திருக்கான்னு தெரிஞ்சதும் போட்டோவை எரிச்சிடுவா. முதல் படம் 108, இது 101 நிமிஷம், இடைவேளையோட நாலு மணி நேரத்துக்குள்ள முடியும்.

புரொஜெக்டரை 4:3ல (பழைய படங்களோட அகல-உயர அளவு) வைங்க, ரெண்டு ஓரமும் கறுப்பா இருக்கட்டும். 'ஜூம்' வெச்சா தரையில உட்கார்ந்திருக்கறவங்க கை வெட்டுப்படும், இவங்க நடிப்புல பாதி கையிலதான்.

சப்டைட்டில் அரை மணியில ஒரு நிமிஷத்துக்கு மேல முந்திக்கிட்டா டிலேயை (சப்டைட்டிலை மொத்தமா முன்னபின்ன தள்ளுற செட்டிங்) மாத்திப் புண்ணியமில்ல. அது நொடிக்கு 25 பிரேம் ஓடுற வீடியோவுக்குப் பண்ண கோப்பு, நொடிக்கு 23.976க்கு மாத்தணும்.

வியாசர்பாடி ரீல்:
நன்றி. இவ்ளோ பெரிய நடிகை ஏன் சின்ன வேஷத்துலயே இருந்தாங்க?

ராயபுரம் டாக்கீஸ்:
மேடைதான் அவங்க வீடு. 1937ல தொடங்கின புங்ககுசா நாடகக் குழுவோட ஆரம்பகால ஆள். 1945ல அரங்கேறின 'ஒரு பெண்ணின் வாழ்க்கை' நாடகத்தை மட்டும் 900 தடவைக்கு மேல நடிச்சாங்க. 1995ல அரசு கொடுத்த பண்பாட்டு விருதையும் வேணாம்னுட்டாங்க. நோட்டீஸ்ல பேரை 'சுகிமுரா ஹருகோ'ன்னே போடுங்க, சுகிமுராதான் குடும்பப் பேரு. இங்கிலீஷ் போஸ்டர்ல திருப்பிப் போட்டிருப்பாங்க, ரெண்டு பேர்னு நினைச்சிடப் போறாங்க.