பீர் வரலாற்று நடை, பழைய கள்ளுக்கடை: போனவர்கள், பார்த்தவர்கள் சொல்லுங்கள்

மாங்கனி ஊரான்

ஒரு கேள்வி பல மாதமாக மனதை அரித்துக்கொண்டே இருக்கிறது. அதனால்தான் எழுதுகிறேன்.

போன ஜூனில் மகனைப் பார்க்க முனிச் போயிருந்தோம். அவன் வேலைக்குப் போகிற நேரத்தில் எங்களுக்குப் பொழுது போகட்டும் என்று பீர் வரலாற்று நடைக்குப் பணம் கட்டி அனுப்பிவிட்டான். ஒரு வழிகாட்டிப் பெண், அவர் பின்னால் நாங்கள் பன்னிரண்டு பேர். முனிச் இருக்கிற பவேரியாவின் 1516-ஆம் வருடத்துச் சட்டம், பீரில் தண்ணீர், பார்லி, ஹாப்ஸ் என்கிற கசப்புப் பூ தவிர எதையும் சேர்க்கக் கூடாது என்றது, அதெல்லாம் போனவர்களுக்குத் தெரிந்ததுதான். நேராக ஹோஃப்பிராய்ஹவுஸுக்கு வருகிறேன். 1589-இல் பவேரியக் கோமகன் தன் அரண்மனைக்காகத் தொடங்கிய பீர் ஆலை, இப்போது பெரிய பீர்க் கடை. உள்ளே சுவரோரமாக இரும்புக் கம்பி அடித்த அலமாரி ஒன்று. நம் ஊர் தபால் ஆபீஸில் பெட்டி பெட்டியாக இருக்குமே, அந்த மாதிரி சின்னச் சின்னத் தடுப்பு. ஒவ்வொன்றுக்கும் ஒரு பூட்டு, உள்ளே ஒரு குவளை. வாடிக்கைக்காரர்களின் சொந்தக் குவளைகளாம். எண்பது வயது இருக்கும், ஒருவர் வந்தார். பையிலிருந்து சாவியை எடுத்துத் திறந்தார். சாம்பல் நிறக் கல்குவளையை எடுத்து, அதன் மூடியை விரலால் ஒரு தட்டுத் தட்டிவிட்டுத் தன் மேசைக்குப் போய் உட்கார்ந்தார். எங்களைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

வழிகாட்டிப் பெண் என்னிடம், "உங்கள் ஊரில் இப்படிப் பழைய கடை எது?" என்று கேட்டார். நான் சேலம் செவ்வாய்ப்பேட்டையில் பிறந்து வளர்ந்தவன். 58 வயது. எந்தக் கோயில், எந்த மண்டி என்று கேட்டிருந்தால் வரிசையாகச் சொல்லியிருப்பேன். இதற்கு வாய் வரவில்லை. "எங்கள் ஊர் கடையே இல்லாத ஊர்" என்று சொல்லிவைத்தேன். அவர் சிரித்துவிட்டு அடுத்தவரிடம் போய்விட்டார்.

நான் சொன்னது சரிதானா? சேலத்தில் பழைய கள்ளுக்கடை எங்கே இருந்தது, யாருக்காவது தெரியுமா?

காப்பிக்காடு

சார், டவுனைப் பற்றி எனக்குத் தெரியாது. நான் ஏற்காட்டில் இருக்கிறேன். வாரக் கடைசியில் வெளியூர்க்காரர்களைத் தோட்டப் பாதைகளில் நடத்திக் கூட்டிப் போவேன்.

இரண்டு வருடம் முன்னால் மழைக்குப் பிறகு ஒரு குழுவோடு போனபோது, காப்பிச் செடிக்கு வெட்டிய குழி ஓரத்தில் கண்ணாடி மின்னியது. எடுத்துப் பார்த்தால் பாட்டிலின் அடிப்பகுதி. கறுப்பென்றே சொல்லலாம், அவ்வளவு கரும்பச்சை. வெயிலுக்கு நேரே பிடித்தால்தான் பச்சை தெரிந்தது. அடி உள்ளே குழிந்து, கண்ணாடிக்குள் காற்றுக் குமிழ்கள் அப்படியே நின்றன. இப்போது வருகிற பாட்டிலைவிட மூன்று மடங்கு தடிப்பு. காக்பர்ன் துரை 1820 வாக்கில் இங்கே காப்பி வைத்தது, பிறகு வெள்ளைக்காரத் தோட்டக்காரர்கள் வந்தது எல்லாம் சொல்லி முடித்தேன். வந்தவர்களில் ஓர் அம்மா அந்தத் துண்டைக் கையில் வைத்துக்கொண்டே, "இதை மேலே தூக்கிக்கொண்டு வந்தது யாருங்க?" என்று கேட்டார்.

அப்போது 20 கொண்டை ஊசி வளைவும் கிடையாது, லாரியும் கிடையாது. யாரோ ஒருவர் தலையில்தான் வந்திருக்கும். அவர் அதில் ஒரு வாய் குடித்திருப்பாரா? இத்தனை வருடமாக நான் துரைமார் கதையையே சொல்லிக்கொண்டிருந்தேன். அந்தத் துண்டு வீட்டு ஜன்னலில் இருக்கிறது.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். இப்போது காட்சிமுனைகளில் உடைத்துப் போடுகிற பாட்டில் மனதைக் கொல்கிறது. காட்டெருமை நடக்கிற இடம் இது. நீலகிரியில் 2022-இல் பாட்டிலுக்குப் பத்து ரூபாய் கூட வாங்கி, காலிப் பாட்டிலைத் திருப்பிக் கொடுத்தால் அந்தப் பத்தைத் தந்தார்கள். மாங்கனி ஊரான் சார் போன ஜெர்மனியிலும் இதே முறைதான் என்று அங்கிருந்து வந்தவர்கள் சொன்னார்கள். மேலே வருகிறவர்கள் தயவு செய்து காலிப் பாட்டிலைக் கீழே எடுத்துப் போங்கள்.

தறிச்சத்தம்

மாங்கனி அண்ணா, "கடையே இல்லாத ஊர்" என்று சொல்லிவிட்டு நீங்கள் ஏதோ குறைபட்டுக்கொள்கிற மாதிரி இருக்கிறது. எனக்கு அது ஒப்பவில்லை.

நான் குகைப் பக்கம், தறிக்காரர் வீட்டுப் பெண். பெங்களூரில் வேலை. ஆபீஸில் எல்லோரையும் ஒரு பீர் வரலாற்று நடைக்குக் கூட்டிப் போனார்கள். வழிகாட்டியாக வந்த பையன் நன்றாகத்தான் பேசினான். நான் சேலம் என்று தெரிந்ததும், "ஓ, ராஜாஜி முதலில் தாகத்தில் தவிக்கவிட்ட ஊர்" என்றான். எல்லோரும் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஏன் வரவில்லை என்று அங்கே சொல்லவும் முடியவில்லை.

அம்மாயி சொன்ன கதை இது. சனிக்கிழமை கூலி நாள். இடுப்பில் என் பெரிய மாமாவை வைத்துக்கொண்டு கடைக்குத் திரும்புகிற முக்கில் போய் நின்றுகொள்வாளாம். தாத்தா கடைக்குள் நுழைவதற்குள் கூலியில் பாதியையாவது பிடுங்க வேண்டும். சில வாரம் கிடைக்கும், சில வாரம் அடி கிடைக்கும். 1937 அக்டோபர் 1 வெள்ளிக்கிழமை. ராஜாஜி மந்திரிசபை சேலம் ஜில்லாவில் மதுவிலக்கைக் கொண்டுவந்த நாள். மறுநாள் சனிக்கிழமை அம்மாயி பழக்கத்தில் அதே முக்கில் போய் நின்றிருக்கிறாள். கடை சாத்தியிருந்தது. தாத்தா நேரே வந்து கூலி முழுவதையும் அவள் முந்தானையில் போட்டார். நம்ப முடியாமல் வீட்டுக்கு வந்து ஒவ்வொரு காசாக அம்மிக்கல்லில் தட்டித் தட்டிச் சத்தம் கேட்டாளாம், நல்ல காசுதானா என்று. இதைச் சொல்லும்போதெல்லாம் விரலால் தரையைத் தட்டிக் காட்டுவாள்.

அந்த முக்கையும் நடையில் காட்ட வேண்டும் இல்லையா?

வரிக்கணக்கு

இரண்டு பேருக்கும் சின்னத் திருத்தம்.

1937-இல் மூடியது சேலம் ஜில்லாவில் மட்டும். அப்போதைய சேலம் ஜில்லா என்றால் இன்றைய நாமக்கல், தர்மபுரி, கிருஷ்ணகிரி எல்லாம் சேர்ந்தது. 1938-இல் சித்தூர், கடப்பை, அடுத்த வருடம் வடாற்காடு. போர்க்காலத்தில், காங்கிரஸ் மந்திரிசபை போன பிறகு, இதை நிறுத்தி வைத்துக் கடைகளைத் திறந்தார்கள். மாகாணம் முழுவதும் மூடியது 1948 அக்டோபர் 2. அப்புறம் 1971-இல் திறந்தார்கள், சில வருடத்தில் மூடினார்கள். 1981-இல் மறுபடி திறந்து, 1987 ஜனவரி 1 முதல் கள்ளும் சாராயமும் நின்றன.

ஆகவே மாங்கனி சார், 58 வயது என்கிறீர்கள். 1981-லிருந்து 1986 வரை நீங்கள் பள்ளிக்கூடம், காலேஜ் வயது. கடையே இல்லாத ஊர் என்று எப்படிச் சொன்னீர்கள்? உங்கள் பேட்டையைச் சுற்றி இருந்திருக்குமே. உங்களைக் குத்திக்காட்டச் சொல்லவில்லை. இல்லை என்று நாமே சொல்லிச் சொல்லித்தான் இடங்கள் மறந்துபோகின்றன.

என் சொந்த அனுபவம் சின்னது. சிறப்புச் சொற்பொழிவு ஒன்றுக்காகக் கல்லூரிப் பிள்ளைகளிடம் பேசினேன். ஒரு பெண், "கடையை மூடினால் சர்க்காருக்குப் பணம் எங்கிருந்து வந்தது?" என்றாள். 1939-இல் சென்னை மாகாணம் பொது விற்பனை வரி போட்டது, கள்ளில் போன வருமானத்தை ஈடுகட்டத்தான் என்றேன். "அப்படியானால் இன்று நான் வாங்குகிற நோட்டுக்கும் பேனாவுக்கும் வரி அந்தக் கடைச் சாவியிலிருந்து வந்ததா?" என்று கேட்டாள். முப்பது வருடம் வரி பார்த்தவன், எனக்கு அப்படித் தோன்றியதே இல்லை.

பனங்காட்டு வாசல்

தறிச்சத்தம் அக்கா சொன்னது உண்மை. மறுக்கவில்லை. ஆனால் அந்த வெள்ளிக்கிழமை எங்கள் வீட்டில் வேறு மாதிரி விடிந்தது.

ஓமலூர்ப் பக்கம். தாத்தாவின் அப்பா மரமேறி. ஒரு நாளைக்கு இரண்டு வேளை ஏறிப் பாளை சீவ வேண்டும், ஒரு நாள் விட்டால் பாளை காய்ந்துவிடும். நெஞ்சில் பனை உரசி உரசி உள்ளங்கை அகலத்துக்குக் காய்ப்பு இருக்குமாம். குடித்தவருக்குக் கடை மூடியது. இவருக்கு மரமே மூடிவிட்டது. அதன் பிறகு பதநீர் இறக்க உரிமம் வாங்கினார். கலயத்துக்குள் சுண்ணாம்பு தடவினால் சாறு புளிக்காது, பதநீர். தடவாமல் விட்டால் காற்றிலிருக்கிற ஈஸ்ட்டே போதும், வெயில் ஏறுவதற்குள் கள். ஒரு விரல் சுண்ணாம்புதான் தொழிலுக்கும் குற்றத்துக்கும் நடுவில். மரத்தடிக்கு ஆள் வந்து கலயத்துக்குள் விரலை விட்டுப் பார்ப்பார்களாம், வெள்ளை ஒட்டுகிறதா என்று. தாத்தா அப்போது ஆறு வயதுப் பையன். அந்நிய ஆள் அப்பாவின் கலயத்தில் கை விட்டதைத்தான் சாகும்வரை சொன்னார். அந்தக் கலயம் ஒன்று இன்னும் எங்கள் வீட்டில் இருக்கிறது, உள்ளே சுண்ணாம்புப் படலம் உதிராமல்.

மாங்கனி சார், உங்கள் கேள்விக்கு என் பதில் இது. பீர் கெடாமல் இருக்க ஹாப்ஸ் போடுகிறார்கள், குளிர்ந்த நிலவறையில் வாரக்கணக்கில் வைக்கிறார்கள். அதற்குக் கல்கட்டடம் வேண்டும், கட்டினால் 400 வருடம் நிற்கும். கள் காலையில் இறக்கி மாலைக்குள் தீர வேண்டும், மறுநாள் காடிதான். அதற்கு ஒரு கீற்றுக் கொட்டகை போதும். எங்கள் ஆட்களுக்கு அந்தக் கொட்டகைக்குள்ளும் எல்லா இடத்திலும் இடமில்லை, வெளியே நின்று பனையோலைப் பட்டையில் வாங்கிக் குடித்துவிட்டுப் பட்டையை எறிந்துவிட்டு வந்திருக்கிறார்கள். பூட்டி வைக்கக் குவளை ஏது? மிஞ்சியிருப்பது பனைமரம் மட்டும்தான். அதைக் காட்டியிருக்கலாம் சார் நீங்கள்.

சுற்றும் கால்

முனிச் போகிறவர்களுக்காகச் சில விஷயங்கள். யாரும் கேட்கவில்லை, ஆனால் தெரிந்துகொண்டு போனால் நல்லது.

வெறும் வயிற்றில் நடைக்குப் போகாதீர்கள். அங்கே மாஸ் என்றால் முழு ஒரு லிட்டர். பழக்கமில்லாதவர்கள் அரை லிட்டர் கேளுங்கள், இல்லாவிட்டால் பீரும் எலுமிச்சைச் சோடாவும் பாதிப்பாதி கலந்த ராட்லர் கேளுங்கள். குடிக்காதவர்களும் தாராளமாகப் போகலாம், ஆப்பிள் சாறு கிடைக்கும், யாரும் வற்புறுத்த மாட்டார்கள். கருங்கல் பாவிய தெரு, நல்ல செருப்பு முக்கியம்.

சைவச் சாப்பாட்டுக்காரர்கள் கவலைப்பட வேண்டாம். மரத்தடி பீர்த் தோட்டங்களில் துணி விரிக்காத மேசையில் நம் சாப்பாட்டையே பிரித்து வைத்துச் சாப்பிடலாம். இதற்கு வரலாறு உண்டு. கோடையில் பீர் கெடாமல் இருக்க ஆற்றங்கரை மேட்டில் நிலவறை வெட்டி, மேலே நிழலுக்குக் குதிரைச் செஸ்ட்நட் மரம் வைத்தார்கள். ஜனம் அங்கேயே போய்க் குடிக்க ஆரம்பித்தது. ஊருக்குள் இருந்த கடைக்காரர்கள் முறையிட, 1812-இல் பவேரிய மன்னர், நிலவறைக்காரர்கள் பீரும் ரொட்டியும் விற்கலாம், வேறு சாப்பாடு விற்கக் கூடாது என்று ஆணையிட்டார். வீட்டிலிருந்து கட்டிக்கொண்டு போகிற பழக்கம் அப்படி வந்தது. நாங்கள் முனிச்சின் நடுச் சந்தையான விக்டுவாலியன்மார்க்ட்டில் புளிசாதமும், சேலத்திலிருந்து கொண்டுபோன தட்டுவடையும் வைத்துச் சாப்பிட்டோம். எதிர்மேசைப் பாட்டி ஒருவர் தட்டுவடை ஒன்றை வாங்கிக் கடித்துப் பார்த்துவிட்டு, தன் பங்குக்கு முள்ளங்கியைத் திருகு திருகாக நீளமாகச் சீவி உப்புத் தூவித் தந்தார். மொழி ஒன்றும் தெரியாது. ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தோம்.

மாங்கனி ஊரான்

எல்லோருக்கும் நன்றி. வரிக்கணக்கு சார் சொன்னது சரி. 1980-களில் கடை இருந்தது. அந்தத் தெருப் பக்கமே போகக் கூடாது என்று அப்பா கட்டுப்பாடு வைத்திருந்தார், நானும் இல்லை என்றே பழகிவிட்டேன்.

நேற்று அத்தையை ஆட்டோவில் கூட்டிக்கொண்டு போனேன். 88 வயது. நீங்கள் சொன்ன போர்க்கால இடைவெளியில் அத்தை சின்னப் பிள்ளை. திருமணிமுத்தாற்றுப் பக்கம் ஒரு திருப்பத்தில், "இங்கே நிறுத்து" என்றார். இப்போது அங்கே தகரக் கொட்டகை போட்ட ஒரு குடோன். "இதுதான். பால் வாங்கப் போனால் அந்தப் பக்கமாகச் சுற்றிக்கொண்டு வா என்று அம்மா சொல்லும்" என்றார். இறங்கவில்லை. முந்தானையை எடுத்து மூக்கை மூடிக்கொண்டு, "இன்னும் புளிச்ச வாடை அடிக்குதுடா" என்றார். எனக்கு ஒன்றும் அடிக்கவில்லை.

குடோனைப் போட்டோ எடுத்து மகனுக்கு அனுப்பியிருக்கிறேன். பனங்காட்டு வாசல் தம்பி, அந்தக் கலயத்தைப் பார்க்க ஒருநாள் வரலாமா?

பனங்காட்டு வாசல்

தாராளமாக வாங்க சார். அத்தையையும் கூட்டிக்கொண்டு வாங்க. சீசனில் வந்தால் காலை ஏழு மணிக்குள் வந்துவிடுங்கள், பதநீர் அதற்கு மேல் நிற்காது. தறிச்சத்தம் அக்கா, நீங்களும்.