டிராகுலா: நாவலுக்கு நெருக்கமான படம் எது?

கேள்வி (ஏற்காடு):
பனிமூட்டம் இறங்கிய மூன்று மாலைகளில் பிராம் ஸ்டோக்கரின் ‘டிராகுலா’வைப் படித்து முடித்தேன். 1897இல் வெளிவந்த அந்நாவலில் இரத்தக் காட்டேரியான டிராகுலா பிரபு பகலிலும் லண்டன் தெருவில் நடமாடுகிறார். நான் பார்த்த படங்களிலோ வெயில் பட்டதும் மடிந்துவிடுகிறார். இந்த மாற்றம் எங்கே தொடங்கியது? நாவலுக்கு நெருக்கமான படம் எது?

பதில் (அஸ்தம்பட்டி):
வெயிலால் மடியும் முடிவு, முர்னாவ் 1922இல் இயக்கிய ‘நோஸ்ஃபெராட்டு’ என்ற ஜெர்மானிய மௌனப் படத்தில் வந்தது. உரிமை பெறாமல் எடுக்கப்பட்டதால் ஸ்டோக்கரின் மனைவி வழக்குத் தொடுத்தார். பிரதிகளை அழிக்க நீதிமன்றம் ஆணையிட்டும் சில தப்பின. அவை தப்பியிராவிட்டால் மாடிப்படிச் சுவரில் ஏறும் அந்தக் காட்டேரியின் நிழலை நாம் கண்டிருக்கவே முடியாது என்று எண்ணும்போது இன்றும் மனம் பதைக்கிறது.

பதில் (ஓமலூர்):
1931இல் வந்த ‘டிராகுலா’ படத்தில் பிரபுவாக நடித்த பெலா லுகோசி கோரைப்பல்லைக் காட்டாமல் குரலாலும் பார்வையாலுமே அச்சுறுத்துகிறார். அதே அரங்குகளில், இரவு வேளைகளில், வேறு நடிகர்களைக் கொண்டு ஸ்பானிய மொழியிலும் ஒரு படம் எடுத்தார்கள். பல மொழிகளில் படமெடுத்த மாடர்ன் தியேட்டர்ஸைக் கண்ட சேலத்துக்காரர்களுக்கு இது வியப்பாக இராது. காமிரா அசைவில் ஸ்பானியப் படமே மேல் என்பது என் கருத்து. கிறிஸ்டோபர் லீ 1958இல் டிராகுலாவாக வண்ணத்தில் வந்தார்.

பதில் (அஸ்தம்பட்டி):
நாவலின் கடிதங்களையும் நாட்குறிப்புகளையும் பகல்நேர லண்டனையும் பெரிதும் காப்பாற்றியது கொப்போலாவின் 1992 படம். ஆனால் நாயகி மீனாவுக்கும் பிரபுவுக்கும் இடையிலான காதல் நாவலில் இல்லாதது. அதை என்னால் ஏற்க முடியவில்லை.